4 மீட்டர் ஜியோடெசிக் குவிமாடம்: பைப் வெட்டுவதிலிருந்து நிழல்வலை போர்த்துவது வரை

மாடித் தோட்டத்துக்கோ கொல்லைப்புற நாற்றங்காலுக்கோ ஏற்ற ஒரு ஜியோடெசிக் குவிமாடத்தை, அதாவது நேரான துண்டுகளை முக்கோணம் முக்கோணமாகக் கோத்து உருவாக்கும் அரைக்கோளக் கூட்டை, ஜிஐ (துத்தநாகம் பூசிய இரும்பு) பைப்பில் கட்டும் முறை இது. விட்டம் 4 மீட்டர், உயரம் 2 மீட்டர், தரைப்பரப்பு சுமார் 11.8 சதுர மீட்டர். மொத்தம் 65 பைப் துண்டுகள். ஆனால் நீளம் இரண்டே வகைதான்: குட்டை, நெட்டை.

புதிதாகச் செய்கிறவர்கள் தடுமாறும் இடங்களைப் பார்த்தால், முக்கால்வாசி இரண்டு காரணங்களில் அடங்கிவிடும். பைப்பின் நீளத்தை அளக்கிறார்கள், துளைக்கும் துளைக்கும் உள்ள தூரத்தை அளப்பதில்லை. அப்புறம், கூடு முழுசாக நிற்பதற்கு முன்பே நட்டை முறுக்கிவிடுகிறார்கள். கீழே உள்ள வரிசை இந்த இரண்டையும் தவிர்ப்பதற்காகவே அமைந்தது. அதனால் படிகளை முன்பின் மாற்ற வேண்டாம்.

1. கணக்கு

குவிமாடத்தின் ஆரத்தை முதலில் முடிவு செய்யுங்கள். இங்கே 2 மீட்டர். மற்ற எல்லாம் அதிலிருந்து வரும்.

குட்டை = ஆரம் × 0.5465 = 1,093 மி.மீ. (30 துண்டு)
நெட்டை = ஆரம் × 0.6180 = 1,236 மி.மீ. (35 துண்டு)

இவை போல்ட் துளையின் மையத்திலிருந்து அடுத்த துளையின் மையம் வரையிலான அளவுகள். துளைக்கு வெளியே இரு முனையிலும் 20 மி.மீ. பைப் நீட்டிக்கொண்டிருக்க வேண்டும். ஆகவே வெட்டும் நீளம் குட்டைக்கு 1,133 மி.மீ., நெட்டைக்கு 1,276 மி.மீ.

இரண்டு வகை எதற்கு? இருபது சமபக்க முக்கோணங்களாலான ஐகோசஹெட்ரன் என்ற வடிவத்தில்தான் கணக்கு தொடங்குகிறது. அதன் ஒவ்வொரு முக்கோணத்தையும் நான்காகப் பிரித்து, பிரித்த புள்ளிகளைக் கோளத்தின் பரப்புவரை வெளியே தள்ளுகிறோம். தள்ளும்போது நடு முக்கோணத்தின் பக்கங்கள் அதிகம் நீள்கின்றன, மூலையை ஒட்டியவை குறைவாக நீள்கின்றன. இந்த வித்தியாசம்தான் வளைவைத் தருகிறது. எல்லாத் துண்டையும் ஒரே நீளத்தில் வெட்டினால் ஆறு பைப் சேரும் இடங்கள் தட்டையாகிவிடும், கூரை வளையாது.

2. ஈர்க்குச்சி மாதிரி

பைப் வாங்கப் போகும் முன் இருபதில் ஒரு பங்கு அளவில் ஒரு மாதிரி செய்துவிடுங்கள். ஈர்க்குச்சியை 5.5 செ.மீ. நீளத்தில் 30, 6.2 செ.மீ. நீளத்தில் 35 என்று நறுக்கி, களிமண் உருண்டைகளில் குத்திச் சேர்க்கலாம். குட்டைக்குச் சிவப்பு மை, நெட்டைக்கு நீல மை. அரை நாள் வேலை.

இதைத் தாண்டிப் போகத்தான் எல்லோருக்கும் ஆசை. ஆனால் 26 மூட்டுகளில் எதில் எது சேரும் என்பது படத்தைப் பார்த்தால் மனதில் நிற்காது, கையால் ஒருமுறை செய்தால் நிற்கும். கூடு ஏற்றும் நாளில் இந்த மாதிரியைப் பக்கத்திலேயே வைத்துக்கொள்ளுங்கள்.

3. வாங்க வேண்டியவை

வெளிவிட்டம் 25 மி.மீ., கனம் 1.6 மி.மீ. உள்ள ஜிஐ பைப். கடையில் வெறுமனே "ஓர் அங்குல ஜிஐ" என்று கேட்டால் தண்ணீர்க் குழாயை எடுத்துத் தருவார்கள். அதன் வெளிவிட்டம் 33 மி.மீ.க்கு மேல் இருக்கும். கனமும் அதிகம், முனையைத் தட்டையாக்குவதும் பெரும்பாடு. வெளிவிட்டத்தைச் சொல்லியே கேளுங்கள்.

பைப் 6 மீட்டர் நீளத்தில் வரும். ஒரு பைப்பில் 2 நெட்டையும் 3 குட்டையும் எடுத்தால் 5,951 மி.மீ. ஆகும். வெட்டும் சக்கரம் தின்பது போக மிச்சம் விரலளவுதான். இப்படி 10 பைப் வெட்டினால் 30 குட்டையும் 20 நெட்டையும் முடிந்துவிடும். பாக்கி 15 நெட்டைக்கு 4 பைப். வாசலுக்கு ஒன்று, உபரியாக ஒன்று. மொத்தம் 16 பைப். குட்டையைத் தனியாக, நெட்டையைத் தனியாக வெட்டினால் ஒரு பைப் கூடுதலாகச் செலவாகும்.

10 மி.மீ. கனமும் 50 மி.மீ. நீளமும் உள்ள போல்ட், நட்டு 30 செட். ஒவ்வொன்றுக்கும் இரண்டு பெரிய வாஷர். ஆறு பைப்பின் தட்டை முனைகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் கிட்டத்தட்ட 20 மி.மீ. வரும். அதற்குமேல் வாஷரும் நட்டும் ஏற வேண்டும், தளர்வாக விடவும் இடம் வேண்டும். 40 மி.மீ. போல்ட் வாங்கினால் ஏற்றும்போது கை திணறும்.

இவை தவிர: கட்டிங் மெஷின், கனமான வைஸ் அல்லது பட்டறை பிரஸ், டிரில், சென்டர் பஞ்ச், இரண்டு ஸ்பானர், துத்தநாகப் பெயிண்ட், டியூப் லெவல் (மட்டம் பார்க்கும் தண்ணீர் நிரப்பிய குழாய்), பாதுகாப்புக் கண்ணாடி, கையுறை. ஏற்றும் நாளில் மூன்று பேர் வேண்டும்.

4. வெட்டு, உடனே நிறம் பூசு

நீள வித்தியாசம் 14 செ.மீ.தான். குவியலாகக் கிடக்கும்போது கண்ணுக்குப் பிடிபடாது. வெட்டி எடுத்த துண்டைக் கீழே வைக்கும் முன்பே நடுவில் ஒரு பட்டை அடித்துவிடுங்கள், குட்டைக்குச் சிவப்பு, நெட்டைக்கு நீலம். முனையில் பூசினால் தட்டையாக்கும்போது உரிந்து போகும், அதனால் நடுவில்தான் பூச வேண்டும்.

வெட்டு ஒரு மி.மீ. முன்பின் இருந்தாலும் கவலையில்லை. துல்லியம் தேவைப்படுவது துளையில்.

5. முனைகளைத் தட்டையாக்குதல்

ஒவ்வொரு முனையிலும் 60 மி.மீ. நீளத்துக்குத் தட்டையாக்குங்கள். காரணம் இருக்கிறது. 25 மி.மீ. பைப் தட்டையானால் ஏறக்குறைய 40 மி.மீ. அகலமாகும். ஆறு முனைகள் ஒரு போல்ட்டைச் சுற்றி 60 டிகிரி இடைவெளியில் நிற்கும்போது, மையத்திலிருந்து 35 மி.மீ. வரை அடுத்தடுத்த முனைகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக்கொள்ளும். அந்த எல்லைக்குள் உருண்டைப் பகுதி வந்துவிட்டால் மூட்டு உட்காராது.

பைப்பின் உள்ளே வெல்டிங் கோடு ஒன்று நீளமாக ஓடும். அந்தக் கோடு தட்டையான முகத்தில் வர வேண்டும், மடிப்பு விளிம்பில் வரக் கூடாது. விளிம்பில் வந்தால் பைப் அங்கேயே பிளந்துகொள்ளும்.

இரு முனையும் ஒரே தளத்தில் தட்டையாக இருக்க வேண்டும். ஒரு முனையை அழுத்தியதும் அதன்மேல் ஒரு ரசமட்டத்தைக் கட்டிவிட்டு மறுமுனையை அழுத்தினால் முறுக்கு வராது. முடித்ததும் கூரிய மூலைகளைக் கிரைண்டரில் தேய்த்து உருட்டிவிடுங்கள்.

6. துளை

குவிமாடம் சேருமா சேராதா என்பது இந்தப் படியில்தான் முடிவாகிறது. இதற்கு ஒரு முழு நாள் ஒதுக்குங்கள், அவசரப்படாதீர்கள்.

ஒவ்வொரு துண்டிலும் டேப் வைத்து அளந்து துளையிடுவது சரிப்படாது. ஒரு கோடு இங்கே அரை மி.மீ., பஞ்ச் அங்கே அரை மி.மீ., டிரில் வழுக்கியதில் ஒரு மி.மீ. என்று ஒவ்வொரு துண்டும் ஒரு கதை சொல்லும். அளவுச்சட்டம் ஒன்று செய்துகொள்ளுங்கள். நீளமான இரும்பு ஆங்கிளின் ஒரு பக்கம் 10 மி.மீ. போல்ட்டை நிமிர்த்திப் பற்றவைக்கவும். அதன் மையத்திலிருந்து 1,093 மி.மீ. தூரத்தில், டிரில் நுழையும் துளை போட்ட கனத்த தகட்டைப் பொருத்தவும். துண்டின் முதல் துளையை முனையிலிருந்து 20 மி.மீ. தள்ளிப் போட்டு, அதை நிமிர்ந்த போல்ட்டில் மாட்டி, இரண்டாவது துளையைத் தகட்டின் வழியாக இறக்குங்கள். 30 குட்டையும் அச்சு மாறாமல் வரும். அப்புறம் தகட்டை 1,236க்கு நகர்த்தி நெட்டைகளை முடியுங்கள்.

சட்டத்தை அளக்கும்போது டேப்பின் முனைக் கொக்கியை நம்ப வேண்டாம், அது கொஞ்சம் ஆடும். 10 செ.மீ. கோட்டைத் தொடக்கமாக வைத்து அளந்து, பிறகு 10 செ.மீ. கழியுங்கள்.

துளை 11 மி.மீ. இருக்கட்டும். போல்ட் 10 என்பதால் ஏற்றும்போது சற்றே இடம் கொடுக்கும். 13, 14 என்று பெரிதாக்கினால் சேர்ப்பது சுலபம்தான், ஆனால் பிறகு காற்றடிக்கும்போது மூட்டுகள் அசையும், உள்வாங்கவும் செய்யும்.

எவ்வளவு பிழை தாங்கும்? ஒரு மி.மீ. நல்லது, இரண்டு வரை சமாளிக்கலாம். ஐந்து என்றால் என்ன ஆகும் பாருங்கள். தரை வளையத்தில் 10 நெட்டை. ஒவ்வொன்றும் 5 மி.மீ. கூடினால் சுற்றளவு 50 மி.மீ. கூடிவிடும். மேலே உள்ள குட்டைகளோ பழைய அளவிலேயே நிற்கும். கீழே எல்லாம் நன்றாகச் சேருவதுபோலத் தெரியும். உச்சிக்குப் போகும்போது கடைசி மூட்டில் துளைகள் ஒன்றையொன்று பார்க்காது. தவறு நடந்த இடம் ஒன்று, வலி தெரியும் இடம் வேறு.

7. முனையை வளைத்தல்

துளை போட்ட பிறகுதான் வளைக்க வேண்டும். வளைத்த பைப் அளவுச்சட்டத்தில் உட்காராது.

குட்டைக்கு 16 டிகிரி, நெட்டைக்கு 18 டிகிரி. தட்டைப் பகுதி முடிந்து உருண்டை தொடங்கும் இடத்துக்குச் சற்று முன்னால் வைஸில் பிடித்து வளையுங்கள். இரு முனையும் ஒரே பக்கம் வளைய வேண்டும், அதுதான் குவிமாடத்தின் உட்புறம். கனத்த அட்டையில் இரண்டு கோணத்தையும் வெட்டி வைத்துக்கொண்டால் ஒவ்வொரு முறையும் ஒட்டிப் பார்க்கலாம்.

வளைத்ததை முனைகள் கீழே படும்படி தரையில் வையுங்கள். ஆடாமல் நின்றால் சரி. ஆடினால் முறுக்கு இருக்கிறது, இப்போதே திருத்துங்கள். வளைத்ததால் துளை இடைவெளி 3, 4 மி.மீ. குறையும். இரண்டு வகையிலும் ஏறக்குறைய ஒரே விகிதத்தில் குறைவதால் வடிவம் கெடாது, கணக்கைத் திருத்த வேண்டியதில்லை.

துத்தநாகப் பூச்சு உடைந்த எல்லா இடத்திலும் பெயிண்ட் அடித்துக் காயவிடுங்கள். துரு முதலில் பிடிப்பது இந்த மடிப்பில்தான்.

8. தரையைக் குறித்தல்

நடுவில் ஆணி, 2 மீட்டர் நூல், ஒரு வட்டம். வட்டத்தின்மேல் ஒரு நெட்டைப் பைப்பின் துளை இடைவெளியை அளவாக வைத்துப் பத்து முறை நகர்த்திப் பத்துப் புள்ளிகள் போடுங்கள். தொடங்கிய இடத்துக்கே சில செ.மீ. வித்தியாசத்தில் வந்து சேர வேண்டும். எதிரெதிர்ப் புள்ளிகளின் தூரம் ஐந்து ஜோடியிலும் ஒன்றாக இருக்க வேண்டும்.

பத்துப் புள்ளிகளின் மட்டத்தையும் டியூப் லெவலில் பாருங்கள். மாடியில் தண்ணீர் ஓடுவதற்காகச் சரிவு வைத்திருப்பார்கள், கண்ணுக்குத் தெரியாது. பள்ளமான பக்கம் கல்லோ தகடோ கொடுத்து 5 மி.மீ.க்குள் கொண்டுவாருங்கள்.

கான்கிரீட் போடுவதாக இருந்தாலும் இப்போது போடாதீர்கள். குழியை மட்டும் தோண்டி வைத்துக்கொள்ளுங்கள்.

9. கூடு ஏற்றுதல்

விதி ஒன்றுதான்: உச்சி போல்ட் ஏறும்வரை எந்த நட்டையும் ஸ்பானர் தொடக் கூடாது. நட்டு இரண்டு மூன்று புரி ஏறியிருந்தால் போதும். தளர்வாக இருந்தால்தான் ஒவ்வொரு மூட்டும் தன் இடத்தைத் தானே தேடிக்கொள்ளும். போல்ட்டின் தலை வெளியே, நட்டு உள்ளே. மாற்றிப் போட்டால் வலையைக் கிழிக்கும்.

முதலில் தரை வளையம்: 10 நெட்டை.

அடுத்து, வளையத்தின் ஒவ்வொரு பக்கத்திலிருந்தும் ஒரு ஜோடி கூம்பி எழ வேண்டும். ஒரு பக்கம் இரண்டு குட்டை, அடுத்த பக்கம் இரண்டு நெட்டை, மறுபடி குட்டை என்று மாறி மாறி வரும். 10 குட்டை, 10 நெட்டை. இவை தாமாக நிற்காது, உள்ளே சாயும். ஒருவர் பிடித்துக்கொள்ள, அடுத்தடுத்த நுனிகளைக் குட்டையால் இணைத்துக்கொண்டே போங்கள். 10 குட்டை போட்டதும் நடு வளையம் மூடிக்கொள்ளும், கூடு தானாக நிற்கத் தொடங்கும். இந்த வளையம் சமமட்டமாக இருக்காது. குட்டைகள் கூம்பிய மூட்டு 89 செ.மீ. உயரத்திலும், நெட்டைகள் கூம்பியது 105 செ.மீ. உயரத்திலும் நிற்கும். புதியவர்கள் இதைப் பார்த்து ஏதோ தப்பு என்று கழற்றத் தொடங்குவார்கள். தப்பில்லை, அப்படித்தான் இருக்க வேண்டும்.

பிறகு, உயரம் குறைந்த ஐந்து மூட்டிலிருந்து தலா ஒரு குட்டை மேலே போகும். உயரமான ஐந்திலிருந்து தலா இரண்டு நெட்டை. இவை மூன்று மூன்றாகச் சேர்ந்து ஐந்து மேல் மூட்டுகளை உண்டாக்கும். அவற்றை 5 நெட்டையால் இணைத்தால் 1.7 மீட்டர் உயரத்தில் மேல் வளையம். கடைசியாக 5 குட்டை, உச்சியில் ஒரே போல்ட்.

இந்தச் சோதனையை மனப்பாடமாக வைத்துக்கொள்ளுங்கள்: ஐந்து பைப் சேரும் மூட்டில் ஐந்தும் சிவப்பு. ஆறு சேரும் மூட்டில் இரண்டு சிவப்பு, நான்கு நீலம். தரை மூட்டில் ஒரு சிவப்பு, மூன்று நீலம். ஒவ்வொரு வளையம் முடிந்ததும் சுற்றி வந்து எண்ணுங்கள். ஒரே ஒரு பைப் மாறியிருந்தால்கூட இதில் சிக்கிவிடும்.

உச்சி சேர அடம்பிடித்தால் சுத்தியலை எடுக்காதீர்கள். ஒருவர் மேல் வளையத்தை உள்ளிருந்து தூக்கிப் பிடிக்க, மற்றவர் எந்த மூட்டில் நட்டு இறுகியிருக்கிறது என்று பார்த்துத் தளர்த்தட்டும். பெரும்பாலும் சேர்ந்துவிடும்.

சேர்ந்த பிறகு தரையிலிருந்து தொடங்கி மேல்நோக்கி முறுக்குங்கள். முதல் சுற்றில் பாதி இறுக்கம், இரண்டாம் சுற்றில் முழுசாக. உள்ளே நீட்டியிருக்கும் போல்ட் முனைகளுக்குப் பழைய ஹோஸ் துண்டுகளை மாட்டிவிடுங்கள், நெற்றி உயரத்தில் இருக்கும்.

10. வாசல்

தரையோடு உள்ள முக்கோணங்களில் உயரமானதே ஒரு மீட்டரைச் சற்றுத்தான் தாண்டும். அதில் தவழ்ந்துதான் போக முடியும். கண்ட பைப்பைக் கழற்றி வழி பண்ணினால் கூடு சாயும்.

சரியான வழி இது. நடு வளையத்தில் உயரமான மூட்டு ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். அதற்கு நேர் கீழே இரண்டு தரை மூட்டுகள், நேர் மேலே மேல் வளையத்தின் இரண்டு மூட்டுகள். இடப்பக்கக் கீழ் மூட்டிலிருந்து இடப்பக்க மேல் மூட்டுக்கு ஒரு நிலைக்கால், வலப்பக்கமும் அப்படியே. இந்த நிலைக்காலின் நீளம் குவிமாடத்தின் ஆரமேதான், 2 மீட்டர். இரண்டும் இணையாக நிற்கும், நடுவில் 1.24 மீட்டர் அகலமுள்ள, உள்நோக்கிச் சாய்ந்த செவ்வகம் கிடைக்கும். இந்தக் கணக்கு இவ்வளவு சுத்தமாக வந்து விழுவது எனக்கு இன்றும் வியப்புதான்.

நிலைக்காலின் முனைக்கு 30 டிகிரி வளைவு. வளைவு அதிகம் என்பதால் நீளம் கூடுதலாகக் குறையும். இந்த இரண்டை மட்டும் முன்கூட்டித் துளையிடாமல், நிற்கும் கூட்டில் நேரடியாக அளந்து துளையிடுங்கள். நிலைக்கால்களை மாட்டி முறுக்கிய பிறகே நடு மூட்டையும் அதன் ஆறு பைப்பையும் கழற்ற வேண்டும். உயரம் 1.7 மீட்டர், உயரமானவர்கள் குனிய வேண்டியிருக்கும்.

11. தரையோடு பிணைத்தல்

மண் தரையானால் இப்போது குழியில் கம்பி வைத்துக் கான்கிரீட் போடலாம். கூடு தன் உண்மையான அளவில் நிற்கிறது, அதனால் கம்பி விலகாது.

மாடியில் தட்டோட்டைத் துளைக்காதீர்கள், அடுத்த மழையில் வீட்டுக்குள் ஒழுகும். பத்து மூட்டிலும் தலா 50 கிலோ மணல் மூட்டையோ கான்கிரீட் கட்டியோ கட்டுங்கள். இது அன்றாடக் காற்றுக்கு மட்டுமே. இந்தியத் தர விதிகளில் சென்னைக்கான அடிப்படைக் காற்று வேகம் நொடிக்கு 50 மீட்டர், மதுரைக்கும் கோவைக்கும் 39. ஐம்பது மீட்டர் காற்று ஒரு சதுர மீட்டரில் சுமார் 150 கிலோ அழுத்தும். அதில் பாதி மேல்நோக்கி இழுத்தாலும் நம் குவிமாடத்தில் கிட்டத்தட்ட 900 கிலோ. மூடிய கூட்டை எந்த மணல் மூட்டையும் பிடித்துவைக்காது. புயல் எச்சரிக்கை வந்தால் போர்வையைக் கழற்றிவிடுங்கள், வெறும் பைப்புக்குள் காற்று புகுந்து போய்விடும்.

12. போர்த்துதல்

வெல்டிங், கிரைண்டிங் வேலை ஒன்றுகூட மிச்சமில்லை என்று உறுதி செய்துகொண்டு தொடங்குங்கள். மான்ட்ரியாலில் 1967 உலகக் கண்காட்சிக்காக பக்மின்ஸ்டர் ஃபுல்லர் வடிவமைத்த 76 மீட்டர் குவிமாடத்தின் அக்ரிலிக் போர்வை, 1976இல் பழுதுபார்ப்பு வெல்டிங்கின்போது தீப்பிடித்து முழுதும் எரிந்தது. இரும்புக்கூடு மட்டும் நின்றது. மிச்சிகனில் ஃபோர்டு ரோட்டண்டா கட்டடம் 1962இல் எரிந்ததும் குவிமாடக் கூரைக்கு நீர்க்காப்பு வேலை நடந்தபோதுதான்.

சமவெளி வெயிலுக்கு 50 சதவீத நிழல்வலை போதும். பாலிதீன் போட்டு மூடினால் பகலில் செடி வெந்துவிடும்.

40 முக்கோணங்களையும் தனித்தனியாக வெட்டாதீர்கள். ஐந்து பைப் மூட்டைச் சுற்றியுள்ள ஐந்து முக்கோணங்களையும் தையல்காரரிடம் கொடுத்து ஒரே ஐங்கோணமாகத் தைத்துவிடலாம். ஒவ்வொரு முக்கோணத்துக்கும் அடிப்பக்கம் 1.24 மீட்டர், உயரம் 90 செ.மீ. இப்படி 6 ஐங்கோணங்கள். மிச்சம் 1.24 மீட்டர் பக்கமுள்ள 10 சமபக்க முக்கோணங்கள். ஆக 16 உருப்படிகள்தான், அவற்றின் ஓரங்கள் எல்லாம் நெட்டைப் பைப்பின்மேலேயே விழும். சுற்றிலும் 5 செ.மீ. மடிப்புக்கு விட்டு, நீலப் பட்டை உள்ள பைப்புகளில் மட்டும் கறுப்பு கேபிள் டை போட்டுக் கட்டிக்கொண்டு போகலாம். வாசலை ஒட்டிய இரண்டு ஐங்கோணங்களில் இரண்டிரண்டு முக்கோணம் குறையும், இரண்டு சமபக்க முக்கோணங்களும் வேண்டாம். அவற்றின் துணியில் நிலைக்காலை ஒட்டிய ஒல்லி இடைவெளிகளை மூடுங்கள். மொத்தம் 35 சதுர மீட்டர் வலை வாங்கினால் போதும்.

கீழிருந்து மேலே கட்டுங்கள். மேல் துண்டு கீழ்த் துண்டின்மேல் ஏறியிருந்தால் மழைநீர் வெளியே வழியும். ஆனாலும் இதை மழை ஒழுகாத அறையாக மாற்ற முயல வேண்டாம். தரை ஓரம் போக 55 பைப்புகளின்மேலும் இணைப்பு வரும், ஒவ்வொன்றும் வெயிலில் விரிந்து இரவில் சுருங்கும். அத்தனையையும் அடைத்துவைக்கும் வேலை ஓயவே ஓயாது.

ஒரு வாரம் கழித்து எல்லா நட்டையும் இன்னொரு சுற்று முறுக்குங்கள். தட்டை முனைகள் அழுந்தி உட்கார்ந்திருக்கும், முதலில் இறுக்கியது தளர்ந்திருக்கும். அதன்பிறகு வடகிழக்குப் பருவமழைக்கு முன் ஆண்டுக்கொருமுறை. அப்போதே மடிப்புகளில் துரு தெரிகிறதா என்று பார்த்து, தேய்த்துப் பெயிண்ட் அடித்துவிடுங்கள்.